இரண்டு கயிறு, ஒரு கொக்கி

அஞ்சாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். அதற்குப் பிறகு நான் கட்டினதுகளைச் சொல்லுகிறேன்; மறுப்பு உள்ளவர்கள் நேரே வந்து சொல்லட்டும். ஊரிலே ஒரு கல்வீடு கட்டினேன். ஷெல் விழுந்து கூரை போய்விட்டது, சுவர் இன்னும் அசையாமல் நிற்கிறதாம். இரண்டு தங்கச்சிமாரைக் குறையில்லாமல் கரையேற்றினேன். பலேர்மோவில் எங்கள் ஆட்களுக்கு ஒரு பிடி மிளகாய்த்தூள் கிடைக்காத காலத்தில், மூடின பார் ஒன்றின் கோப்பி அரைக்கிற மெசினை வாங்கி, மொட்டைமாடியில் மிளகாய் வறுத்து, தூள் அரைத்துக் கொடுத்தேன். முதல் நாள் வறுத்தபோது ஒழுங்கை முழுக்க இருமினது. எதிர்வீட்டு இத்தாலிய அம்மா, சிஞ்ஞோரா, தீயணைப்புக்காரரைக் கூப்பிட்டுவிட்டா. அவர்களுக்கும் நான்தான் இத்தாலியனில் விளங்கப்படுத்தினேன், பாதி வாயால், பாதி கையால். ஞாயிற்றுக்கிழமைகளில் பெடியள் சும்மா சுத்தக்கூடாது என்று கரப்பந்து அணி ஒன்று கட்டினேன். கடைசியாக, எங்கள் பிள்ளையாரை லொறியிலிருந்து ஆகாயத்தில் தூக்கி மண்டபத்துக்குள் இருத்தினேன்.

மற்றது எல்லாத்துக்கும் சனம் ஓம் என்று தலையாட்டும். கடைசியில் சொன்னதுக்கு மட்டும், "அது மொரீசியஸ்காரர் எல்லோ செய்தவர்?" என்று கேட்கும்.

போன கிழமை கோயில் செயலாளர் வீட்டுக்கு வந்தார். படித்த பிள்ளை, மரியாதை தெரிந்தவர்.

"ஐயா, புது மண்டபத் திறப்புக்கு மலர் ஒண்டு போடுறம். நீங்கள் கப்பலிலை நிண்டனியள்தானே. அந்தப் பழைய இங்கிலீசுக் கப்பலைப் பற்றி எழுதித் தாங்கோ. பிள்ளையளுக்குப் புதினமாயிருக்கும்."

"எவ்வளவு எழுதலாம்?"

"இரண்டு பக்கம்."

"இரண்டு பக்கத்துக்குள்ளை அடங்கிற கப்பலோ தம்பி அது?"

அவர் சிரித்துக்கொண்டு தேத்தண்ணியைக் குடித்துவிட்டுப் போனார். கப்பலைப் பற்றி நான் எழுதினால் கொக்கியைப் பற்றியும் எழுதவேண்டி வரும் என்று அவர் யோசிக்கவில்லை. நான் யோசித்துவிட்டேன்.

அது யுத்தத்துக்கென்று பிறந்த கப்பல். ஜெர்மன்காரன் மூழ்கடிக்க மூழ்கடிக்க இங்கிலீசுக்காரன் கட்டிக் கட்டித் தள்ளினதுகளில் ஒன்று. வடிவு பார்க்க நேரமில்லாமல் கட்டினது. எங்கள் செராங், அதுதான் தட்டு வேலைக்காரருக்குத் தலைவர், ஒரு சிட்டகாங் கிழவர். இரும்புத் தகடுகள் ஒட்டின இடத்தைத் தடவிப் பார்த்து, "ஆம்பிளையள் சண்டைக்குப் போக, பொம்பிளையள் ஒட்டின கப்பல் இது, அதுதான் இன்னும் பிரியாமல் கிடக்கு" என்பார். ஒரு தரம் கடல் தாண்டிச் சாமானைச் சேர்த்தால் போதும் என்று நினைத்துக் கட்டினதாம். அது யுத்தமும் முடிந்து, கட்டினவர்களும் மறந்து, இருபது வருஷத்துக்கு மேலே வேலை செய்தது. பின்பக்கத்தில் பீரங்கி வைத்த வட்டமேடை ஒன்று. பீரங்கியைக் கழற்றினவர்கள் மேடையை விட்டுவிட்டார்கள். எங்கள் காலத்தில் குசினிக்காரன் அதற்குள்ளே கோழி வளர்த்தான். அலை ஏறினால் கோழிகள் தோய்ந்துபோய், பள்ளிக்கூடத்தில் அடிவாங்கின பிள்ளைகள் மாதிரி வரிசையாக நிற்கும்.

எஞ்சின் நீராவி எஞ்சின். மாவிடிக்கிற சத்தத்தோடு ஆறுதலாகப் போகும். மற்றக் கப்பல் எல்லாம் எங்களைத் தாண்டிப் போகும். தாண்டிப் போகிறவர்கள் கையும் காட்டுவார்கள். எனக்கு அந்தக் கையைக் கண்டால் பிடிக்காது. வெள்ளைக்கார முதலாளி வித்து, கிரேக்க முதலாளி வாங்கி, நான் ஏறினபோது எங்களில் ஒருவருமே கண்டிராத ஒரு நாட்டின் கொடி பறந்தது. பெயரும் மாறியிருந்தது. ரங்கூனில் அரிசி, போர்ட் லூயியில் சீனி, சிசிலிக் கரையில் உப்பு, எங்கோ சீமெந்து. ஏற்றின சாமானின் வாசத்தை அடுத்த சாமான் வரும்வரைக்கும் நாங்கள் சோற்றோடு சாப்பிட்டோம்.

நான் கொழும்புத் துறைமுகத்தில் மூட்டை சுமந்துகொண்டு நின்றவன். கப்பலில் வின்ச், அதுதான் நீராவியால் கயிறு சுற்றி இழுக்கிற மெசின், ஓட்டுகிற ஒருவன் காய்ச்சலில் விழுந்துவிட்டான். வின்ச் தெரிந்தவன் ஆர் என்று கேட்டார்கள். நான் கை உயர்த்தினேன். வின்ச்சைப் பார்த்திருந்தேன், தொட்டதில்லை. ஒரு மாதம் போக, எனக்குப் பதிலாக இன்னொருவனை நிறுத்த அவர்களுக்கு மனம் வரவில்லை.

இப்போது விளங்கிக்கொள்ள வேண்டிய விஷயத்துக்கு வருகிறேன். அந்தக் கப்பலில் சாமான் இறக்குகிற முறை இதுதான். டெரிக் என்று சொல்லுகிற பாரந்தூக்கிக் கம்பங்கள் இரண்டு. ஒன்றின் தலை கப்பலின் கிடங்குக்கு மேலே நிற்கும், மற்றதின் தலை கரைக்கு மேலே நிற்கும். இரண்டிலிருந்தும் இரண்டு கம்பிக் கயிறு வந்து ஒரே கொக்கியில் சேரும். கயிறு ஒவ்வொன்றுக்கும் ஒரு வின்ச், வின்ச்சுக்கு ஒரு ஆள். கிடங்குப் பக்கத்து ஆள் நான். கரைப் பக்கத்து ஆள், போர்ட் லூயியில் ஏறின மொரீசியஸ்காரர்.

ஆழத்திலிருந்து பாரத்தைத் தூக்குகிறது என் வேலை. அது தட்டுக்கு மேலே வந்தவுடன் அந்தாள் தன் பக்கம் இழுப்பார். அவர் இழுக்க இழுக்க நான் விட வேண்டும். கூட விட்டால் பாரம் ஓடிப்போய்க் கரையில் நிற்கிறவனை அடிக்கும். குறைய விட்டால் இரண்டு கயிறும் மட்டமாக வந்து, வீணைத் தந்தி மாதிரி முறுகி, அறும். தூக்குவதை எவனும் செய்வான். இன்னொருவன் இழுக்கும்போது அளவாக விட்டுக்கொடுக்கிறதுதான் வேலை. அபீஸ் என்றால் தூக்கு, ஆரியா என்றால் விடு. துறைமுகத்தில் எல்லாருக்கும் தெரிந்த சொல். எங்களுக்கு அந்தச் சொல்லும் தேவைப்படவில்லை. நான் பாரத்தைப் பார்க்கிறதில்லை, அந்தாளின் தோளைப் பார்ப்பேன். அவர் என் தோளைப் பார்ப்பார்.

ஆனால் கரையில் நிற்கிற சனத்துக்கு என்ன தெரியும்? மூட்டை வானத்திலிருந்து மொரீசியஸ்காரரின் கையால் வந்து இறங்குகிறது. அவர் உயரமான ஆள், தொப்பியைச் சரித்துப் போட்டிருப்பார். நான் மறுபக்கத்தில் ஆவிக்குள்ளே நிற்பேன். ஒரு பயணத்தில் கிரேக்க அதிகாரி கரையிலிருந்தபடி கைதட்டிவிட்டு, ஒரு டின் சிகரெட்டை அவரிடம் எறிந்தார். அந்தாள் பாதியை எனக்குத் தந்தார், அதை மறைக்கவில்லை. ஆனால் அதிகாரி எறிந்தது அவரிடம். நான் அந்தச் சிகரெட்டைப் பத்தவைக்காமல் வைத்திருந்து பூஞ்சணம் பிடிக்க விட்டேன்.

அந்தக் கப்பல்தான் என்னை முதன்முதல் பலேர்மோவுக்குக் கொண்டுவந்தது. அடிப்பக்கம் சுரண்டுவதற்குக் கப்பல் பழுதுபார்க்கிற துறையில் ஏற்றியிருந்தார்கள். நாங்கள் இருவரும் பழைய நகரத்துக்குள்ளே நடந்தோம். ஒரு ஒழுங்கையில், மேல்மாடியிலிருந்து ஒரு மனுசி கயிற்றில் கூடையை இறக்கினா. கீழே நின்ற மீன்காரன் மீனை வைத்தான். கூடை ஏறிப் போனது.

"பார், ஒற்றை டெரிக்" என்றார் அந்தாள்.

"எதிர்வீட்டுக்காரியும் ஒரு கயிறு போட்டால், அது எங்கடை வேலை" என்றேன் நான்.

இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கோ. சொன்னது நான்.

பிறகு நான் தங்கச்சியின் கலியாணத்துக்காகக் கொழும்பில் இறங்கிவிட்டேன். அந்தாள் கடைசிப் பயணம் வரைக்கும் நின்றார். கப்பலை உடைக்கிற கரையில், பெருக்குத் தண்ணியோடு முழு வேகத்தில் மணலுக்கு மேலே ஏற்றிவிட்டார்களாம். எஞ்சின் மணலுக்குள்ளேயும் கொஞ்ச நேரம் இடித்துக்கொண்டிருந்ததாம். இதெல்லாம் அவர் சொல்லித்தான் எனக்குத் தெரியும். அந்தச் சத்தம் நிற்கும்போது அவர் அங்கே இருந்தார், நான் இருக்கவில்லை. அதுவும் எனக்கு எரிச்சல்தான். உடைக்க முன்னம் ஆளுக்கொரு சாமான் எடுத்துக்கொண்டு போனார்களாம். அந்தாள் எடுத்தது எங்கள் கொக்கியை, இரண்டு கயிறும் வந்து சேருகிற இரும்புத் தகட்டோடு.

வருஷக்கணக்காகத் தொடர்பில்லை. நாட்டுப் பிரச்சினையோடு நான் பலேர்மோவுக்கு வந்து சேர்ந்து, பெர்மெசோ என்கிற வதிவிட அனுமதிக்காகக் குவெஸ்தூராவில், அதுதான் பொலிஸ் கந்தோரில், வரிசையில் நின்றபோது, முன்னாலே ஒரு நெட்டை ஆள் பொலிஸ்காரரைச் சிரிக்கப்பண்ணிக்கொண்டு நின்றார். தொப்பி சரிந்திருந்தது. எங்களை முறைக்கிற பொலிஸ்காரன் அவருக்குக் கதிரை கொடுக்கிறான்.

எனக்கு என்ன குறை என்று பார்த்தால், ஒவ்வொன்றும் குறைதான். அவருக்குப் பிரெஞ்சு தெரியும், இத்தாலியன் ஓடி வந்து ஒட்டிக்கொண்டது. எனக்கு இத்தாலியன் வந்தது சிஞ்ஞோரா திட்டத் திட்ட. நான் மாடிப்படி துடைத்தேன். அவர் ஒரு பெரிய கட்டடத்தின் வாசல்காரர். கண்ணாடி அறை, மேசை, விசிறி. அந்த அறைக்குள்ளே முதல் தரம் போனபோது கண்டேன், சுவரில் எங்கள் கொக்கி தொங்குகிறது, அதில் கட்டடத்துக் கதவுத் திறப்புக் கொத்துகள் எல்லாம் தொங்குகின்றன.

"ஐசே, இது என்ரையும் எல்லோ?"

நாங்கள் கதைக்கிறது முக்கால் இத்தாலியன், கால் கப்பல் பாஷை. அந்தாளும் தமிழ் வழிதான், தேவாரம் வரும், தமிழில் கதைக்க வராது. அவர் சொன்னதை நான் தமிழாக்கித் தருகிறேன்.

"பாதி உன்னுடையதுதான். எந்தப் பாதி வேண்டும், சொல், அறுத்துத் தருகிறேன்" என்று சிரித்தார்.

இதையும் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கோ. பாதி என்று சொன்னது அவர்.

தொண்ணூறுகளின் நடுவில் எங்கள் பிள்ளையார் இந்தியாவிலிருந்து கருங்கல்லில் வந்தார். துறைமுகத்தில் இறங்கின பிறகுதான் கோயில் சபைக்கு யோசனை வந்தது. எங்கள் மண்டபம் அப்போது நான் இருந்த ஒழுங்கையில், முதல் மாடியில். படி சுருள் படி, ஒரு அலுமாரியே ஏறாது. வீட்டுச்சாமான் ஏற்றுகிற மெசின் லொறி ஒழுங்கைக்குள்ளே வராது. சின்ன லொறி மட்டும் வரும். கூட்டம் வைத்தார்கள். சிலையைக் கீழே கராஜில் வைப்பம் என்றார் ஒருவர். படியை உடைப்பம் என்றார் இன்னொருவர், வாடகை வீட்டில்.

நான் எழும்பிச் சொன்னேன். "எதிர்வீட்டு மொட்டைமாடியிலை ஒரு கப்பி. மண்டபத்துக்குள்ளை மேலை போற வளைமரத்திலை ஒரு கப்பி. இரண்டு கயிறு, ஒரு கொக்கி. எதிர்ப்பக்கம் தூக்கும், மண்டபப் பக்கம் இழுக்கும். பல்கனிக் கதவாலை நேரே உள்ளுக்கு."

ஒருவரும் விளங்கினதாகத் தெரியவில்லை. அப்போது மொரீசியஸ்காரர் எழும்பி, இரண்டு கையாலும் ஆகாயத்தில் செய்து காட்டினார். எல்லாருக்கும் விளங்கிவிட்டது. கைதட்டினார்கள். அந்த நிமிஷத்திலிருந்து அது அவருடைய யோசனையாகிவிட்டது, கண்டியளோ.

எதிர்வீட்டு மொட்டைமாடி ஆருடையது? தீயணைப்புக்காரரைக் கூப்பிட்ட அதே சிஞ்ஞோராவுடையது. தண்ணீர் குழாயில் வராத அந்தக் கோடை முழுக்க அவவுக்குப் பிளாஸ்ரிக் கானில் தண்ணி சுமந்து, மனம் இளகப்பண்ணினது நான். மிளகாய் வறுக்கிறதை வேறு இடத்துக்கு மாற்றுகிறேன் என்று மாதாவின் படத்துக்கு முன்னால் சத்தியமும் செய்தேன். இதைச் செய்து காட்ட மொரீசியஸ்காரரால் முடிந்திருக்காது. அவர் கட்டடத்தில் தண்ணீருக்குப் பெரிய தொட்டி இருந்தது.

ஞாயிறு காலமை. ஒழுங்கை நிறையச் சனம். பல்கனிகளில் சிசிலிக்காரர், கையில் கோப்பியோடு. இறைச்சிக்கடைக்காரர் கீழே நின்று, "ஆனையை ஏற்றப்போறீங்களோ?" என்று கேட்டார். முகத்தைப் பார்த்தால் பகிடி இல்லை, அறியத்தான் கேட்டார். நான் மொட்டைமாடியில் என் ஆட்களோடு நின்றேன். எதிரே மண்டபத்துக்குள்ளே மொரீசியஸ்காரரும் அவர் ஆட்களும், அவர்களுக்குப் பின்னாலே கும்பத்தோடு பொம்பிளையள், நாதஸ்வரக் கசெற். பல்கனிக் கம்பியைக் கழற்றியிருந்தோம். கப்பலில் அரிசியும் சீனியும் உப்பும் தூக்கின அந்தக் கொக்கியில் பிள்ளையார், கம்பளியால் சுற்றி, பட்டியால் கட்டி.

"அபீஸ்" என்றேன். தூக்கினோம். லொறியை விட்டு எழும்பினார். ஒரு பக்கமும் முட்டாமல் எழும்பினார்.

பல்கனி மட்டம் வந்தவுடன்தான் பிழை நடந்தது. ஆரோ ஒருவர் அரோகரா என்றார். உடனே மண்டபத்துக்குள் நின்ற ஆம்பிளையள் எல்லாம் புண்ணியம் சேர்க்கக் கயிற்றில் கை வைத்துவிட்டார்கள். பக்தியில் இழுத்தார்கள். நான் விட முன்னமே இழுத்ததால் பிள்ளையார் உள்ளுக்கு வராமல் மேலேதான் ஏறினார், இரண்டு கயிறும் மட்டமாக வந்தது. என் கைக்குள்ளே கயிறு பேசத் தொடங்கினது. நான் அப்போது விட்டிருந்தால், அத்தனை பேரின் இழுவைக்கும் சிலை பாய்ந்துபோய்க் கதவு நிலையில் தும்பிக்கையோடு அடித்திருக்கும்.

"பிடியுங்கோ" என்றேன் என் ஆட்களிடம்.

பிள்ளையார் ஒழுங்கைக்கு நடுவே, ஆகாயத்தில் நின்றுவிட்டார்.

கீழேயிருந்து அந்த நாளைச் செயலாளர் கத்தினார். "விடுங்கோ ஐயா, விடுங்கோ."

நான் விடவில்லை.

"உந்தாள் விடாது. மற்றப் பக்கம் போகுதெண்டு வயித்தெரிச்சல்" என்றது இன்னொரு குரல். அந்தக் குரல் ஆருடையது என்று எனக்குத் தெரியும், எழுத மாட்டேன்.

எதிரே மொரீசியஸ்காரர் சிலையைப் பார்க்கவில்லை. என் தோளைப் பார்த்தார். உடனே திரும்பி, கயிற்றில் தொங்கினவர்களைத் தோளால் இடித்துத் தள்ளினார். ஒரு மாமாவின் வேட்டியே கழன்றது. கயிறு அடங்கினது. அவர் கையைத் தாழ்த்தினார். இரண்டு பக்கமும் ஒரு முழம் ஆரியா. அதற்குப் பிறகு அவர் இழுக்க, நான் விட்டேன். அவர் இழுக்க, நான் விட்டேன். பிள்ளையார் கதவுக்குள்ளே, தொட்டில் பிள்ளை மாதிரி, நிலையில் ஒரு கீறலும் இல்லாமல் போய் இறங்கினார்.

எனக்குப் பொறாமை இல்லை என்று நான் சொல்லவில்லை. இருந்தது, இருக்கிறது. ஆனால் கயிறு பிடிக்கிற கைக்கு அது தெரியாது. தெரிந்திருந்தால் அந்தக் கப்பலில் ஒரு கிழமை நின்றிருக்க மாட்டேன்.

நான் அந்த வீட்டு மாடி எல்லாம் இறங்கி, ஒழுங்கையைத் தாண்டி, இந்தச் சுருள் படியில் ஏறி மண்டபத்துக்குள் வந்தபோது, மொரீசியஸ்காரருக்குப் பொன்னாடை போட்டு முடிந்திருந்தது. படமும் எடுத்துவிட்டார்கள். மோதகத் தட்டில் தேங்காய்த் துருவல் மட்டும் கிடந்தது.

"இஞ்சாருங்கோ, உந்த முகத்தோடை சாமியைக் கும்பிடாதேங்கோ, பிள்ளையார் திரும்பவும் வெளியிலை போயிடுவார்" என்றா என் மனுசி.

அடுத்த ஞாயிறு கரப்பந்துக்குப் போனால், நான் கட்டின அணியிலேயே பெடியள் எனக்குப் பட்டம் வைத்துவிட்டார்கள். விடாக்கண்டர். வாழ்நாளெல்லாம் விட்டுக்கொடுத்தே வேலை செய்தவனுக்கு வைத்த பெயரைப் பாருங்கோ.

நான் மொரீசியஸ்காரரின் கண்ணாடி அறைப் பக்கம் போகிறதை நிறுத்தினேன். அப்போது நான் நகரத்துக்கு வெளியே கடற்கரைப் பக்கம், ஸ்ஃபெர்ராகவால்லோவில், மீன் சாப்பாட்டுக் கடை ஒன்றில் சனி, ஞாயிறு இரவுகளில் கோப்பை கழுவினேன். ஒரு நாள் அந்தாள் பஸ் எடுத்து அங்கே வந்து, பின்கதவில் நின்றார். கையில் பத்திரிகைத் தாளில் சுற்றின பொதி.

"ஏன் ஐசே நீர் ஒருத்தருக்கும் சொல்லேல்லை?" என்று கேட்டேன். "நான் பிடிச்சது ஏனெண்டு உமக்குத் தெரியும்."

"தெரியும். மைக்கைத் தந்து தமிழில் பேசச் சொன்னார்கள். எனக்கு வராது. கையைக் கூப்பிவிட்டு இறங்கிவிட்டேன்."

"இத்தாலியனிலை சொல்லியிருக்கலாம்."

"சாமிக்கு முன்னாலேயா?"

எனக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டேன். அவர் பொதியை நீட்டினார். கொக்கி.

"முழுவதும் நீயே வைத்துக்கொள்."

"எனக்கு இரும்பு வேண்டாம். பேர் வேணும்."

சவர்க்காரக் கையோடு கதவைச் சாத்தினேன். அந்தாள் பிறகு அந்தக் கொக்கியைக் கொண்டுபோய்க் கோயிலுக்கே கொடுத்துவிட்டார். இப்போது நாங்கள் மறுபடி கதைக்கிறோம். ஞாயிறுகளில் துறைமுகத்து மதிலில் இருந்து நாப்பொலி நகரத்துக்குப் போகிற கப்பல் புறப்படுகிறதைப் பார்ப்போம். அதில் சாமான் எல்லாம் லொறியோடு உருண்டு உள்ளே போகிறது, ஆருடைய தோளையும் ஆரும் பார்க்கத் தேவையில்லை. ஆனால் கொக்கி விஷயம் கதைத்து முடியவில்லை.

ஏனென்றால் புது மண்டபத்து வாசலில் கண்ணாடிப் பெட்டி ஒன்று செய்து, அதற்குள்ளே கொக்கியை வைத்து, கீழே பித்தளைத் தகட்டில் எழுதியிருக்கிறார்கள். போய்ப் பார்த்தேன். இந்தக் கொக்கியால் விநாயகப் பெருமானை மண்டபத்தில் எழுந்தருளச் செய்த அன்பர் என்று மொரீசியஸ்காரரின் பெயர். ஒரு பெயர். அந்தத் தகட்டைப் பார்க்கிற பிள்ளைகள், ஒரு கொக்கியை ஒரு கயிறு தூக்கினதென்று நம்பி வளர்வார்கள். அந்தக் கப்பலில் எந்தக் கொக்கியும் அப்படி ஒரு நாளும் வேலை செய்ததில்லை.

ஆகவே செயலாளர் தம்பி, நீங்கள் கேட்ட கப்பல் கதையை எழுதிவிட்டேன், இரண்டு பக்கத்துக்குக் கூடினால் குறைக்காதீர்கள். மொரீசியஸ்காரரின் பெயரை அழிக்கச் சொல்லவில்லை, அவர் இழுத்தவர், அது இருக்கட்டும். தகட்டில் கீழே இடம் கிடக்கிறது, நான் கையால் அளந்து பார்த்துவிட்டேன். திறப்புக்கு முதல் அந்த இடத்தில் இன்னொரு வரி வெட்டுங்கோ: எதிர்ப்பக்கத்திலிருந்து தூக்கினவரும், பிடித்தவரும், அளவாக விட்டவரும் இவர். அதற்குப் பக்கத்தில் என் பெயரைப் போடுங்கோ, முழுப் பெயர், தகப்பன் பெயரோடு.